பந்து உதைக்கும்போது வாய் திறக்கக் கூடாது

மலர்க்குழுத் தம்பி தொலைபேசியில் "அண்ணை, பள்ளிக்கூட நினைவா ஏதும் எழுதித் தாங்கோ" என்று கேட்டபோது, எனக்கு நம் கல்லூரி மைதானம் நேரே நினைவில் வரவில்லை. அயர்லாந்தின் லிமெரிக் நகர் வழியாகச் சுற்றித்தான் வந்தது.

அயர்லாந்துக்கு வந்த புதிதில், கூட வேலை செய்த ஐரிஷ்காரர் ஒருவர் லிமெரிக்கின் தோமண்ட் பார்க் மைதானத்துக்குக் கூட்டிப்போனார். அந்த மாகாணத்து மன்ஸ்டர் அணியின் றக்பி ஆட்டம். எனக்கோ ஒரு சட்டமும் தெரியாது. எதிரணி ஆள் பெனால்டி உதைக்கப் பந்தை நிறுத்தினார். ஊரில் இரண்டு பள்ளிக்கூடங்கள் மோதும் பிக் மட்ச் கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவன் அல்லவா நான்? மற்றப் பள்ளிக்கூடத்துப் பெடியன் துடுப்போடு நின்றால் தகரம் தட்டிக் குழப்புவதுதான் எனக்குத் தெரிந்த மரியாதை. வாயில் விரலை வைத்து விசிலடித்தேன். மைதானம் முழுக்க அந்த ஒரு விசில்தான் கேட்டது. முன்வரிசைக் கிழவி திரும்பி, உதட்டில் விரல் வைத்துக் காட்டினா. உதைப்பவர் யாராக இருந்தாலும் அங்கே மூச்சு விடும் சத்தமும் வரக்கூடாதாம். நண்பர் முகம் சிவந்துபோனார்.

அன்றுதான் மன்ஸ்டர் வீரர் போல் ஓ'கொனலைக் கண்டேன். 6 அடி 6 அங்குலம், செம்பட்டை முடி. லிமெரிக்கில் வளர்ந்த பெடியன். சின்ன வயதில் நீச்சல்காரர். பதினாறு வயதளவில்தான் றக்பிக்கு வந்தவர். (நம் பள்ளியில் ஆறாம் வகுப்பிலேயே "இவன் ஓட்டம், இவன் உதவாக்கரை" என்று பிரித்துவிடுவார்கள். நான் எந்தப் பக்கம் என்று கேட்காதீர்கள்.) 2002இல் வேல்ஸுக்கு எதிராக அயர்லாந்துக்கு முதன்முதல் ஆடியபோது ஒரு ட்ரை வைத்தார் (எதிரணிக் கோட்டுக்கு அப்பால் பந்தைத் தரையில் வைத்துப் புள்ளி எடுப்பது), தலையில் அடியும் வாங்கினார். அந்த ட்ரை வைத்ததே அவருக்கு நினைவில் இல்லை.

பந்து கோட்டுக்கு வெளியே போனால் இரு அணியும் வரிசை கட்டி நிற்க, நடுவே பந்தை எறிவார்கள். லைன்-அவுட் என்பது அதுதான். இரண்டு பேர் தொடையில் பிடித்துத் தூக்க, அந்தரத்தில் நின்று பந்தைப் பிடிக்க வேண்டும். ஓ'கொனலின் இராச்சியம் அங்கேதான். பந்து முன்னுக்கு வருமா, நடுவுக்கா, பின்னுக்கா என்று சங்கேதத்தில் சொல்வதும் அவர்தான். எதிரணி எறியும் பந்தையும் எட்டிப் பறிப்பார். தூக்குவதற்கு முந்திய கணத்தில் அவர் காலை மெல்ல மாற்றி வைப்பதை நான் பார்த்துக்கொண்டே இருப்பேன். எதிரணியும் அதைத்தான் பார்த்திருக்கும்; பார்த்தும் பலனில்லை.

2006 மே 20. வேல்ஸின் கார்டிஃபில், ஐரோப்பியக் கழகங்களுக்கான ஹைனகன் கிண்ண இறுதியாட்டம், மன்ஸ்டரும் பிரான்சின் பியாரிட்ஸும். எங்களுக்கு டிக்கெட் இல்லை. லிமெரிக் ஓ'கொனல் தெருவில் பெரிய திரையின் முன் நின்றோம். (தெருவின் பெயர் பழைய அரசியல் தலைவர் டானியல் ஓ'கொனலுடையது; நான்தான் இவருடையது என்று வெகுகாலம் நினைத்திருந்தேன்.) ஆட்டத்தின் நடுவே கார்டிஃப் மைதானத் திரையில் எங்கள் தெருவையே காட்டினார்கள். எங்களைக் கண்டு அங்கே சனம் கத்த, அதைக் கேட்டு நாங்கள் கத்த, 23-19 என்று முடிந்தது. 2008இல் மறுபடி வென்றபோது தலைவர் ஓ'கொனல்.

அயர்லாந்து அணிக்கும் தலைவராகி, 2014, 2015 இரண்டு வருடமும் ஆறு நாடுகள் கிண்ணத்தை வென்று கொடுத்தார். 2015 அக்டோபர் 11, உலகக் கிண்ணம், எதிரே பிரான்ஸ். மைதானம் அதே கார்டிஃப். இடைவேளைக்குச் சற்று முன்னர் தொடையின் பின்தசை எலும்பிலிருந்து கிழிந்துபோனது. தூக்கிக்கொண்டு போனார்கள். அயர்லாந்து 24-9 என்று வென்றது; எங்கள் வீட்டில் ஒருவரும் கை தட்டவில்லை. அயர்லாந்துக்கு அது அவருடைய 108ஆவது ஆட்டம். பிரான்சின் துலோன் கழகத்தில் சேர ஒப்பந்தம் செய்திருந்தார். ஒரு நாள்கூட ஆடாமல் 2016 பெப்ரவரியில் ஓய்வை அறிவித்தார். பிறகு பயிற்சியாளராகி, 2023இல் ஆறு நாடுகள் போட்டியின் எல்லா ஆட்டத்தையும் வென்று கிராண்ட் ஸ்லாம் எடுத்த அயர்லாந்து அணியின் முன்கள வீரர்களைப் பழக்கியவரும் அவர்தான்.

ஊருக்குப் போன முறை பிக் மட்ச் நேரம். மற்றப் பள்ளிக்கூடத்துப் பெடியன் 90ஐத் தாண்டி நின்றான். நான் லிமெரிக் வழக்கத்தில் வாயைப் பொத்திக்கொண்டு இருந்தேன். வகுப்புத் தோழன் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, தகரத்தை என் மடியில் வைத்தான்.

"என்னடா, சாமத்தியச் சடங்குக்கே வந்தனி? தட்டு!"

தட்டினேன்.