ஒரே சனிக்கிழமைக்கு இரண்டு உத்தரவுகள்

அந்தப் பெண் கைப்பையிலிருந்து இரண்டு உத்தரவு நகல்களை எடுத்து என் மேசைமேல் வைத்தார். ஒன்று அவர் வாழும் ஊரின் குடும்ப நல நீதிமன்றம் தந்தது: மாதத்தின் இரண்டாம் சனிக்கிழமை தந்தை இங்கே வந்து மகனைப் பார்க்கலாம். மற்றது, 170 கிலோமீட்டருக்கு அப்பால் கணவர் விவாகரத்து கேட்டிருந்த நீதிமன்றம் தந்தது: அதே சனிக்கிழமை மகனை அங்கே அழைத்துவர வேண்டும்.

“எதை மீறினால் குற்றம் குறையும், வக்கீலம்மா?” என்றார்.

என்னால் பதில் சொல்ல முடியவில்லை. பிள்ளையைத் தன் பொறுப்பில் வைத்துக்கொள்ள அவர் போட்ட மனுவை நடத்தியவளே நான்தான். விவாகரத்து நோட்டீஸ் வந்த வாரமே அந்த வழக்கை அவர் ஊர் நீதிமன்றத்துக்கே மாற்றக் கேட்கும் டிரான்ஸ்பர் மனு போட்டிருக்க வேண்டும். எதிருரை தாக்கல் செய்துவிட்டுப் பார்க்கலாம் என்று எட்டு மாதம் தள்ளிப்போட்டேன். அந்த எட்டு மாதமும் வாய்தாவுக்கு வாய்தா அவர் விடியற்காலை ஐந்து மணி பஸ்ஸைப் பிடித்தார். விட்டுச்செல்ல ஆள் இல்லாததால் ஆறு வயது மகனும் கூடவே போனான். நீதிபதி விடுப்பு என்று தெரிந்து, வராந்தா பெஞ்சில் தூங்கியவனைத் தூக்கிக்கொண்டு திரும்பிய நாள்களும் உண்டு.

இப்படி இரண்டு உத்தரவு வருவதில் சட்டப் பிழை எதுவும் இல்லை. 1890-ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டப்படி, குழந்தை வழக்கமாக வசிக்கும் இடத்து நீதிமன்றத்துக்கே அதிகாரம். இந்துத் திருமணச் சட்டத்தின் 19-ஆம் பிரிவோ, தம்பதி கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊரிலும் விவாகரத்து மனு போட இடம் தருகிறது. மனைவி தான் வசிக்கும் ஊரிலேயே மனு போடலாம் என்ற வசதி 2003-ஆம் ஆண்டுத் திருத்தத்தில்தான் வந்தது. விவாகரத்தை விசாரிக்கும் நீதிமன்றம் 26-ஆம் பிரிவின்படி பிள்ளையைப் பற்றியும் இடைக்கால உத்தரவு போடலாம். இரண்டு கதவும் திறந்தே இருக்கின்றன. அதே சட்டத்தின் 21ஏ பிரிவு, வெவ்வேறு நீதிமன்றங்களில் உள்ள விவாகரத்து மனுக்களையும், விவாகரத்து இல்லாமல் பிரிந்து வாழக் கேட்கும் மனுக்களையும் ஒன்றுசேர்க்க மட்டுமே உதவும். பிள்ளையின் பொறுப்பைக் கேட்கும் காப்பாளர் மனு அதற்குள் வராது. ஆகவே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 24-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்துக்குப் போனோம். வேறு மாநில வழக்கானால் 25-ஆம் பிரிவின்கீழ் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டும்.

பெண்ணால் தனியே பயணம் செய்ய இயலாது என்ற பத்தி இத்தகைய மனுக்களில் தவறாமல் இருக்கும். திருமண வழக்குகளை மாற்றும்போது பொதுவாக மனைவியின் வசதியைப் பார்க்க வேண்டும் என்று 2022-இல், தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே, உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நானும் அதைக் காட்டினேன். ஆனால் என் மனுவின் உயிர் அந்த இரண்டு உத்தரவுகளிலும் பையனின் பள்ளி வருகைப் பதிவிலும் இருந்தது. ஒரே பிள்ளை, ஒரே சாட்சிகள். எதற்கு இரண்டு நீதிபதிகள்?

கூடவே, கீழ் நீதிமன்ற விசாரணைக்கு இடைக்காலத் தடையும் கேட்டேன். இளம் வழக்கறிஞர்கள் பலர் இதை விட்டுவிடுவதைப் பார்க்கிறேன். டிரான்ஸ்பர் மனு நிலுவையில் இருப்பதாலேயே கீழே வழக்கு நின்றுவிடாது. கட்சிக்காரர் போகாமல் இருந்தால், அவர் தரப்பைக் கேட்காமலே ஒருதலைப்பட்சத் தீர்ப்பு வந்துவிடலாம்.

விவாகரத்து வழக்கை அவர் ஊருக்கு மாற்றும் உத்தரவு வந்தது. அதற்குப் பிறகும் வழக்குக் கட்டு வந்துசேர வாரக்கணக்கில் ஆனது. புது எண், புது நோட்டீஸ். நல்லவேளையாக, விட்ட இடத்திலிருந்து விசாரணையைத் தொடர 24-ஆம் பிரிவு அனுமதிப்பதால், பதிவான சாட்சியம் வீணாகவில்லை.

இப்போது பயணச் சுமை கணவர் தலையில் ஏறியது. அவர் கெட்டவர் அல்லர். சனிக்கிழமை விடுப்பு எடுத்தால் சம்பளம் போகும் வேலை அவருடையது. முதல் வாய்தாவிலேயே நீதிபதி இருவரையும் அழைத்துப் பேசினார். சந்திப்பை ஞாயிறு பத்து மணிக்கு, பையனின் பாட்டி வீட்டில் வைத்துக்கொள்ள இரு தரப்பும் சம்மதித்தோம்.

முதல் ஞாயிறு பதினொன்றாகியும் அவர் வரவில்லை. அந்தப் பெண் என்னை அழைத்தார். உத்தரவில் உள்ள நேரம் பத்துதான், கிளம்பினாலும் தவறில்லை என்றேன். பஸ் தாமதமாகியிருக்கும் என்று, மகனுடன் பன்னிரண்டு மணி வரை வாசலிலேயே உட்கார்ந்திருந்ததாகப் பிறகு சொன்னார்.