வெள்ளாற்றுக்கும் வைகைக்கும் நடுவே: செட்டிநாட்டின் தண்ணீர்த் தடம்

திருச்சி - மானாமதுரை ரயில் புதுக்கோட்டையை விட்டதும் ஜன்னலோரம் இடம் பிடித்துக்கொள்ளுங்கள். சற்று நேரத்தில் வெள்ளாறு வரும். ஆண்டில் பெரும்பகுதி வெறும் மணல்தான். ஆனால் இது லேசுப்பட்ட கோடு இல்லை. பழைய நாட்டுப் பிரிவில் வடகரை கோனாடு, தென்கரை கானாடு. பாண்டிய நாட்டுக்கு வடக்கெல்லை வெள்ளாறு என்றுதான் பழம்பாட்டும் சொல்கிறது. கானாடுகாத்தான் என்ற ஊர்ப்பெயரில் அந்த நாட்டின் பெயர் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

அடுத்து நமணசமுத்திரம், திருமயம். 1687-இல் கிழவன் சேதுபதி கட்டிய கோட்டை ரயிலிலிருந்தே தெரியும். பிறகு செட்டிநாடு நிலையம் (கானாடுகாத்தானுக்கு இங்கே இறங்க வேண்டும்), கோட்டையூர், காரைக்குடி, கல்லல், சிவகங்கை. கடைசியில் மானாமதுரையில் வைகை. இந்த இரண்டு ஆறுகளுக்கு இடைப்பட்ட நிலம்தான் செட்டிநாடு. நடுவில் மணிமுத்தாறு, தேனாறு, பாம்பாறு, சருகணியாறு என்று பெயர்கள் உண்டு. எல்லாம் மழை பெய்தால் ஓடும், நின்றால் நிற்கும் காட்டாறுகள்.

காவிரிப்பூம்பட்டினத்திலிருந்து பாண்டிய நாட்டுக்கு வந்ததாக நகரத்தார் (செட்டிநாட்டு வணிகச் சமூகத்தினர்) மரபு சொல்கிறது. இளையாத்தங்குடி, மாத்தூர், வைரவன்பட்டி, பிள்ளையார்பட்டி முதலான ஒன்பது கோயில்களைச் சுற்றி ஊர்கள் அமைந்தன. அந்தப் பட்டினத்தைக் கடல் கொண்ட நினைவில்தான் வீடுகளை உயரமான மேடைமேல் கட்டினார்கள் என்றும் சொல்வார்கள். இருக்கலாம். ஐப்பசி, கார்த்திகையில் செம்புராங்கல் தரையில் ஒரு மணி நேரம் கனமழை கொட்டுவதைப் பார்த்தால் வேறு காரணமே தேவைப்படாது. தண்ணீர் உள்ளே இறங்காது, தெருவில் ஓடும்.

அந்த ஓட்டத்தைத்தான் பிடித்து வைத்தார்கள். வளவின் (முற்றத்தைச் சுற்றிய வீட்டுப் பகுதி) நாலு பக்கத் தாழ்வாரமும் முற்றத்தைப் பார்த்துச் சரிந்திருக்கும். முதல் மழை கூரை ஓடுகளைக் கழுவட்டும் என்று விட்டுவிட்டு, அடுத்த மழையைத் துணி கட்டி அண்டாவில் பிடிப்பார்கள். மிச்சம் முற்றத்துக் கல் துவாரம் வழியே தெரு வாய்க்காலுக்கும், அங்கிருந்து ஊருணிக்கும் போகும். ஊருணி நிறைந்தால் கண்மாய் (பாசன ஏரி), அது நிறைந்தால் அடுத்த கண்மாய். குடிக்கிற ஊருணி வேறு, குளிக்கிற ஊருணி வேறு. குடிநீர் ஊருணிப் படியில் செருப்போடு இறங்காதீர்கள், கால் கழுவாதீர்கள். ஊர்க்காரர்கள் நேராகவே சொல்லிவிடுவார்கள்.

கண்மாயில் பார்க்க வேண்டியது குமிழித்தூம்பு, வயலுக்குத் தண்ணீர் திறந்துவிடும் பழைய கல் மதகு. கரைக்குச் சற்று உள்ளே, தண்ணீருக்குள் இரண்டு கல்தூண்கள், குறுக்கே கல் சட்டங்கள். கீழே மறைந்திருக்கும் கல்தொட்டியில்தான் வேலையே. மேலே நீரோடித் துளை, அடியில் சேறோடித் துளைகள். மேல்துளையை அடைத்திருக்கும் கல்லைத் தூக்கினால் தண்ணீர் சுழித்து இறங்கும். அந்த இழுப்பில் அடியில் இருக்கும் சேறும் துளைகள் வழியே வந்து, கரைக்கு அடியில் போகும் சுருங்கையில் (மூடிய வாய்க்கால்) கலந்து வயலுக்குப் போய்விடும். வயலுக்கு எரு, கண்மாய்க்குத் தூர்வாரல், இரண்டும் ஒரே வேலையில். இதை எடுத்துவிட்டு இரும்பு ஷட்டர் வைத்த மடைகளில் தண்ணீர் மட்டும் வெளியேறுகிறது, வண்டல் தங்கிவிடுகிறது. சில வருஷத்தில் மடைவாய் மேடாகி, பாதிக் கண்மாய்த் தண்ணீர் வெளியே வர மாட்டேன் என்கிறது.

கண்மாய் நிறைந்தால் மிச்சத் தண்ணீர் வழியும் கலுங்கையும் பாருங்கள். வரிசையாகக் குத்துக்கற்கள் நட்டிருக்கும். மழைக்காலக் கடைசியில், இனிப் பெருவெள்ளம் வராது என்று தெரிந்த பிறகு, அவற்றின் இடைவெளியில் வைக்கோலும் மண்ணும் அடைத்துக் கூடுதலாகத் தண்ணீர் தேக்குவார்கள். அவசரப்பட்டு முன்னதாக அடைத்தால் கரை உடையும். கீழே இருக்கும் கண்மாய்க்காரர்களோடு சண்டையும் வரும்.

இப்போது இந்தச் சங்கிலி பல இடங்களில் அறுந்திருக்கிறது. பழுது பெரும்பாலும் வரத்துக்காலில், அதாவது கண்மாய்க்குத் தண்ணீர் கொண்டுவரும் வாய்க்காலில்தான். நீர்ப்பிடிப்பில் தைலமரக் காடு, கண்மாய்க்குள் சீமைக்கருவேலம், வாய்க்கால்மேல் கடை. ஊருக்குள் தார்ச்சாலைமேல் தார்ச்சாலை போட்டு, வீட்டுத் துவாரத்தைவிடத் தெரு உயர்ந்துவிட்டது. மழைத் தண்ணீர் திரும்ப வளவுக்குள் வருகிறது. கண்மாயை மட்டும் தோண்டிவிட்டு வரத்துக்காலைத் தொடாமல் போனால் ஆழமான வறண்ட பள்ளம்தான் மிஞ்சும்.

நிறைந்த நீரைப் பார்க்க மார்கழி, தை. தூம்பின் அடிக்கல்லையும் துளைகளையும் பார்க்க சித்திரை, வைகாசி. காலை ஒன்பதுக்குள் முடித்துவிடுங்கள், கரையில் நிழல் கிடையாது. காரைக்குடியில் தங்கினால் கானாடுகாத்தான், குன்றக்குடி, பிள்ளையார்பட்டி எல்லாம் சுமார் 15 கிலோமீட்டருக்குள் வந்துவிடும். காரைக்குடித் தண்ணீரின் ருசிக்குப் பெயர் வாங்கித் தந்தது சம்பை ஊற்று. ஹோட்டலில் பாட்டில் வாங்கும் முன் ஒரு டம்ளர் அதைக் கேட்டுப் பாருங்கள்.