'லியூ சன்ஜியே' பாடிய ஊர்கள்: குய்லினிலிருந்து லியூசோ வரை

'லியூ சன்ஜியே' 1960-ல் சீனாவின் சாங்சுன் திரைப்பட நிறுவனம் எடுத்த பாட்டுப்படம். இயக்கம் சூ லி, இசை லெய் சென்பாங், நாயகி லியூ சன்ஜியேவாக நடித்தவர் ஹுவாங் வான்சியூ. நிறுவனம் இருப்பதோ வடகிழக்குக் குளிர்நாட்டில். படப்பிடிப்புக்குக் குழு தென்சீனப் பகுதியான குவாங்சியின் லீ ஆற்றங்கரைக்கே வந்தது. அதனால் கதை நடக்கும் இடங்களை இன்றும் நேரில் பார்க்கலாம்.

கிளம்பும் முன் படத்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள். முக்கியமாக அந்தப் பாட்டுப்போட்டி. தேயிலை மலையை அடைத்து, மக்கள் பாடுவதையும் நிறுத்தப் பார்க்கும் பண்ணையார், பாட்டில் கெட்டிக்காரியான லியூ சன்ஜியேவைத் தோற்கடிக்க மூன்று பண்டிதர்களைக் கூட்டிவருகிறான். அவர்கள் படகு நிறையப் பாட்டுப் புத்தகத்தோடு வருகிறார்கள். 300 நாய்களை நான்கு பங்காகப் பிரிக்க வேண்டும், ஒவ்வொரு பங்கும் ஒற்றைப்படையாக இருக்க வேண்டும் என்று ஒரு பண்டிதர் பாடுகிறார். வேட்டைக்கு 99, ஆடு மேய்க்க 99, வாசல் காவலுக்கு 99 என்று நாயகியின் பக்கத்திலிருந்து உடனே எசப்பாட்டு வருகிறது. மிச்சம் 3? அது பண்ணையாருக்கு வாலாட்டும் அந்தப் பண்டிதர்கள்தான்! நிலப்பிரபுவை எதிர்க்கும் அரசியல் படம் முழுக்க இருக்கிறது. ஆனாலும் ஜனங்கள் மனப்பாடம் செய்தது இந்தக் குறும்பைத்தான்.

பலர் ஏமாறும் இடம் ரயில் நிலையம். 'யாங்ஷுவோ' என்று பெயர்ப்பலகை வைத்த அதிவேக ரயில் நிலையம், குய்லினுக்குத் தெற்கே லீ ஆற்றங்கரையில் உள்ள யாங்ஷுவோ ஊரில் இல்லை, சிங்பிங் என்ற சிற்றூர் பக்கத்தில் இருக்கிறது. அங்கிருந்து ஊருக்குப் பேருந்தில் ஏறக்குறைய 1 மணி நேரம். ஆகவே முதலில் சிங்பிங்கைப் பார்த்துவிடுவதே புத்திசாலித்தனம். 20 யுவான் தாளின் பின்பக்கம் இருக்கும் மலைகள் அங்கேதான். மூங்கில் தெப்பம் என்று சொல்லி ஏற்றுவது இப்போது மோட்டார் வைத்த பிளாஸ்டிக் குழாய்த் தெப்பம். மே, ஜூனில் வெள்ளம் வந்தால் அதையும் நிறுத்திவிடுவார்கள். குளிர்காலத்தில் தண்ணீர் வற்றுவதால் குய்லினிலிருந்து வரும் பெரிய படகுகளின் பாதை சுருங்கும். டிக்கெட் எதற்கும் பாஸ்போர்ட் கையில் இருக்கட்டும்.

படத்தில் நாயகி தன் காதலன் ஆ நியூவிடம் பூவேலை செய்த துணிப்பந்தைக் கொடுத்துக் காதலைச் சொல்லும் பெரிய ஆலமரம், யாங்ஷுவோவுக்குத் தெற்கே நிலா மலைக்குப் போகும் சாலையில் நிற்கிறது. சைக்கிள் வாடகைக்கு எடுத்தால் போதும். பகலில் சுற்றுலாக் கும்பல் அதிகம், காலையிலேயே போய்விடுங்கள்.

யாங்ஷுவோவில் இரவில் ஆற்றின் மேல் லியூ சன்ஜியே பெயரில் நடக்கும் ஒளிக்காட்சியை 2004-ல் திரைப்பட இயக்குநர் ஜாங் யிமோவின் குழு தொடங்கியது. உள்ளூர் மீனவர்கள் நூற்றுக்கணக்கில் தெப்பங்களில் வந்து சிவப்புப் பட்டுத்துணியை வீசும் இடம் பிரமாதம். ஆனால் கதையோ கேள்வி-பதில் பாட்டின் காரமோ அதில் தேடினால் கிடைக்காது.

அதற்கு குவாங்சியின் இன்னொரு நகரமான லியூசோ போக வேண்டும். குய்லினிலிருந்து அதிவேக ரயிலில் ஏறக்குறைய 1 மணி நேரம். படத்துக்கு மூலமான மேடை நாடகம் பிறந்த ஊர் இது. மீன்மலைப் பூங்காவின் குளக்கரையில் மதியத்துக்கு மேல் பெரியவர்கள் கூடி, எதிரெதிரே நின்று மலைப்பாட்டு பாடுவார்கள். பாட்டு உள்ளூர்ப் பேச்சில் இருக்கும். கைபேசி மொழிபெயர்ப்பை நம்பாதீர்கள். கூட்டம் சிரிக்கும் இடத்தைக் கவனித்தாலே யார் யாரை மடக்கினார்கள் என்று தெரிந்துவிடும்.

சீன நாட்காட்டியின் மூன்றாம் மாதம் மூன்றாம் நாள் பாட்டுத் திருவிழா. குவாங்சி முழுக்க அரசு விடுமுறை என்பதால் ரயிலில் இடம் கிடைப்பது கஷ்டம். டிக்கெட் விற்பனை 15 நாள் முன்னால் திறக்கும், அன்றே எடுத்துவிடுங்கள்.