720-இல் என் வேலை

அகில இந்திய வானொலியின் ஆவடி டிரான்ஸ்மிட்டரில் வேலை என்று சொன்னால், "அப்போ ரேடியோவுல பேசுவீங்களா?" என்றுதான் கேட்பார்கள். பேசுகிறவர்கள் கடலுக்கு எதிரே, காமராஜர் சாலையில் இருந்தார்கள். அந்தக் குரலை வாங்கி, 200 கிலோவாட் சக்தியில், 720 கிலோஹெர்ட்ஸ் மத்திய அலையில் ஏற்றி அனுப்புவது எங்கள் பொறுப்பு.

காலை ஷிப்டில் விடியும் முன்பே வால்வுகளின், அதாவது அலையைப் பெருக்கும் வெற்றிடக் குழாய்களின், இழையைச் சூடாக்க வேண்டும். அது சூடாகாமல் உயர் மின்னழுத்தம் கொடுக்கவே கூடாது. அப்புறம் ஒவ்வொரு மீட்டராகப் பார்த்துக்கொண்டே வந்து, முள் மேலே ஏறி நிற்கும் அந்த நிமிடம் இருக்கிறதே, எத்தனை வருடம் ஆனாலும் எனக்குப் பழகிப்போகவில்லை.

எஃப்.எம். மாதிரி இங்கே கோபுரத்தின் உச்சியில் ஆன்டெனா கிடையாது, கோபுரமே ஆன்டெனா. அத்தனை எடையும் அடியில் பீங்கான் இன்சுலேட்டர் மேல் நிற்கும். சுற்றிலும் மண்ணுக்குள் செம்புக் கம்பிகள், வண்டிச் சக்கரத்தின் ஆரக்கால் போல. பகலில் அலை தரையை ஒட்டித்தான் போகும், ஈர மண்ணில் நன்றாகப் போகும், உப்புக் கடலின் மேல் இன்னும் நன்றாக. இருட்டினதும் வானத்தில் அதை உறிஞ்சுகிற அடுக்கு கரைந்துவிடும். அப்போது மேலே போன அலையும் திரும்பி, பகலில் எட்டாத ஊர்களில் போய் இறங்கும்.

இதெல்லாம் எங்கிருந்து வந்தது என்று நினைத்தால் எனக்கு முதலில் கிருஷ்ணசாமி செட்டியார்தான் நினைவுக்கு வருவார். 1924 ஜூலை 31-இல் அவருடைய மெட்ராஸ் பிரெசிடென்சி ரேடியோ கிளப் வெறும் 40 வாட்டில் ஒலிபரப்பைத் தொடங்கியது. பணமில்லாமல் 1927-இல் மூடினார்கள். ஆனாலும் அந்த ஆசை போகவில்லை, 1930-இல் மாநகராட்சி எடுத்து நடத்தியது, மெரினாவில் ஒலிபெருக்கி வைத்துக் கேட்க வைத்தது. அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் 1938 ஜூன் 16-இல்தான் வந்தது.

நாங்கள் அனுப்பியதை யார் கேட்கிறார்கள் என்பது எங்கள் அறைக்குள் தெரியாது. ஒருமுறை காசிமேட்டில் மீன் வாங்கப் போனபோது, பேச்சுவாக்கில் என் வேலையைச் சொன்னேன். வலை பின்னிக்கொண்டிருந்த பெரியவர் நிமிர்ந்து பார்த்தார். "படகுல அதைத்தான் சார் வச்சிருப்போம். கரை மறைஞ்சப்புறமும் கேட்கும்" என்றார். மறுநாள் காலை ஷிப்டில், முள் ஏறும்போது அவர் படகுதான் மனதில் இருந்தது.