வாட்ஸ்அப்பில் வேலை கேட்ட அகின்ஃபென்வா

கால்பந்து என்றாலே பிரீமியர் லீக் கோடிகள்தான் நமக்கு ஞாபகம் வரும், ஆனால் எனக்குப் பிடித்தவர் அடேபாயோ அகின்ஃபென்வா. நூறு கிலோவுக்கு மேல் எடை, இந்த உடம்போடு கால்பந்தா என்று சிரித்தவர்கள் ஏராளம். லண்டன்காரர், ஆனால் 2001-ல் ஆட்டத்தைத் தொடங்கியது லிதுவேனியாவில், அங்கே நிறவெறிக் கூச்சல் வேறு. அப்புறம் வேல்ஸ், டார்கீ, ஸ்வான்சி, நார்தாம்ப்டன், ஜில்லிங்ஹாம் என்று ஊர் ஊராக ஒப்பந்தம்.

2016 மே, லண்டனின் வெம்ப்ளி மைதானம். ஏஎஃப்சி விம்பிள்டன் கால்பந்து அணிக்காக, மேல் நிலைக்கு ஏறும் அணியைத் தீர்மானிக்கும் பிளேஆஃப் இறுதிப் போட்டியின் கடைசி நிமிடங்களில் பெனால்டி அடிக்கிறார், அணி இங்கிலாந்தின் மூன்றாம் நிலை லீக்கான லீக் ஒன்னுக்கு ஏறுகிறது. ஆனால் இவருக்கு ஒப்பந்த நீட்டிப்பு கிடையாது! மைதானத்திலேயே நின்று, டிவி மைக்கைப் பார்த்து, எனக்கு இப்போது வேலை இல்லை, மேனேஜர்கள் யாராவது வாட்ஸ்அப்பில் கூப்பிடுங்கள் என்றார் பாருங்கள், அந்தத் தில்லு யாருக்கு வரும்?

விக்கம்ப் வாண்டரர்ஸ் என்ற கிளப் கூப்பிட்டது. 2020-ல், கொரோனாவால் ரசிகர்களே இல்லாத வெம்ப்ளியில் பிளேஆஃப் ஜெயித்து, 38 வயதில் இரண்டாம் நிலை லீக்கான சாம்பியன்ஷிப்புக்குப் போனார். லிவர்பூல் வெறியரான இவருக்கு அப்போதைய லிவர்பூல் மேனேஜர் யூர்கன் க்ளாப்பே வாழ்த்து வீடியோ அனுப்பினார். அதே லிவர்பூலுக்கு எதிராக 2015-ல் இங்கிலாந்தின் நாக்-அவுட் போட்டியான எஃப்ஏ கோப்பையில் ஒரு கோல் போட்டவரும் இவர்தான், அந்த மேட்ச் தோல்வி என்பது வேறு கதை. 2022-ல், 40 வயதில்தான் ஓய்வு.