கேஷ் மணி பாணி ஸ்னேர் ரோல் கைகூடியது

1998, 1999 ஆண்டுகளில் வந்த கேஷ் மணி ரெக்கார்ட்ஸ் என்ற அமெரிக்க ராப் இசை நிறுவனத்தின் ஆல்பங்களில், அணிவகுப்பு வாத்தியக் குழுவின் முரசொலிபோல் பொரிந்து விழும் அந்த ஸ்னேர் ரோல் (ஸ்னேர் முரசின் வேகமான தொடர் அடி), நீண்ட நாள் போராட்டத்துக்குப் பின் ரோலண்ட் TR-808 டிரம் மெஷினின் நகலான என்னுடைய கருவியில் ஒருவழியாக அமைந்துவிட்டது. நான் ஒப்பிட்டுக் கேட்டது முழுக்க ராப் பாடகர் ஜுவனைலின் '400 டிகிரீஸ்' ஆல்பத்தோடுதான்.

வேகத்தை நிமிடத்துக்கு 95 பீட்டில் வைத்தால் 1/32 அடிகளுக்கு (ஒரு பீட்டுக்கு எட்டு அடி) இடையே ஏறக்குறைய 79 மில்லிசெகண்ட்தான் கிடைக்கிறது. அந்த அளவில் கருவியின் ஒரு பகுதியில் உள்ள 16 ஸ்டெப்கள் (அடி வைக்கும் இடங்கள்) நான்கு பீட் கொண்ட பாரில் பாதிக்கே போதுவதால், முதல் பகுதி, இரண்டாம் பகுதி என இரண்டையும் சேர்த்தே ஒரு பாரை நிரப்ப வேண்டியிருக்கிறது. ஆனால் உண்மையான தொல்லை, ஒரு ஸ்டெப்பை மட்டும் உரக்க ஒலிக்கவைக்கும் ஆக்ஸென்ட்டில் இருக்கிறது. ரோலின் கடைசி அடிகளை எழுப்பிக் காட்ட அதைப் போட்டால், அதே ஸ்டெப்பில் விழும் கிக்கும் ஹைஹாட்டும் சேர்ந்தே உயர்ந்துவிடுகின்றன. போடாவிட்டால் எல்லா அடிகளும் ஒரே கனத்தில் விழுந்து இயந்திரத் துப்பாக்கிபோல் ஒலிக்கிறது. ஆகவே ஸ்னேரைத் தனி அவுட்புட் வழியாக மிக்ஸருக்குக் கொண்டுசென்று, ரோல் தொடங்கும்போது ஒலியளவு ஃபேடரைத் தாழ்த்தி, முடிவை நோக்கிக் கையாலேயே ஏற்றிப் பதிவு செய்தேன். ஸ்னேரின் இரைச்சலைக் கூட்டிக் குறைக்கும் ஸ்னாப்பி குமிழைப் பாதிக்கும் கீழே இறக்கியதால் ஓர் அடியின் இரைச்சல் அடுத்த அடியை மூடாமல் நின்றது. இந்த மாற்றம்தான் ரோலுக்கு உயிர் கொடுத்தது என்பேன்.

இதில் இவ்வளவு நேரம் செலவிட்டதற்குக் காரணம் உண்டு. 1991-இல் நியூ ஆர்லியன்ஸில் பிரையன் வில்லியம்ஸ், ரொனால்ட் வில்லியம்ஸ் சகோதரர்கள் தொடங்கி, காரின் டிக்கியில் வைத்தே இசைத்தட்டு விற்று வளர்த்த கேஷ் மணி நிறுவனம், 1998-இல் யுனிவர்சலுடன் 3 கோடி டாலர் விநியோக ஒப்பந்தம் செய்துகொண்டபோதும் தன் மாஸ்டர் பதிவுகளின் (மூல ஒலிப்பதிவுகளின்) உரிமையைக் கையிலேயே வைத்துக்கொண்டது. அந்த உறுதிக்குப் பின்னால், அக்காலத்தில் அவர்களுடைய பாடல்களில் பெரும்பாலானவற்றுக்கு இசை அமைத்த மேனி ஃப்ரெஷின் டிரம் மெஷினும் கீபோர்டும் இருந்தன என்றே நான் நினைக்கிறேன். பிறர் பாடல்களிலிருந்து சாம்பிள் (ஒலித்துண்டு) எடுப்பதைவிடத் தானே வாசிப்பதையே அவர் அதிகம் நம்பியதால், அனுமதிக்காகவும் பங்குக்காகவும் வெளியாரிடம் போய் நிற்க வேண்டிய தேவை குறைந்தது.

பாஸ் கிக்கின் டிகே (ஒலி அடங்க எடுக்கும் நேரம்) அளவு இன்னும் முடிவாகவில்லை. நீட்டினால் பேஸ்லைனோடு மோதுகிறது, குறைத்தால் அமெரிக்கத் தென்மாநில ராப்பின் கனம் போய்விடுகிறது. அதற்குள் பித்தளை வாத்திய ஒலிகளுக்காகத் தொண்ணூறுகளின் ரோம்ப்ளர் (முன்பே பதிந்த ஒலிகளை இசைக்கும் கருவி) ஒன்றைத் தேடத் தொடங்கிவிட்டேன். பழைய கருவிகள் விற்கும் ஒருவரிடம் நல்ல நிலையில் ஒன்று இருக்கிறது. பேட்டரி மாற்றித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். அது வந்ததும், நியூ ஆர்லியன்ஸின் நடன ராப் வகையான பவுன்ஸ் இசைக்கு அடித்தளமாக அமைந்த, ஷோபாய்ஸ் ராப் குழுவின் 1986-ஆம் ஆண்டு 'டிராக் ராப்' தாளத்தை இதே முறையில் கட்டிப் பார்க்கப்போகிறேன்.