கடைசி அடிக்கு எவ்வளவு முழக்கம்?

பழிவாங்கும் படங்களுக்கு ஒலி அமைக்கும் எங்களிடம் எழுதப்படாத கணக்கு ஒன்று உண்டு. வில்லன் அடித்தால் எலும்பு முறிவது கேட்க வேண்டும். நாயகன் அடித்தால் முழக்கம் கேட்க வேண்டும். முன்னதில் வலி, பின்னதில் பலம். இரண்டிலும் ஒரு மனிதனின் முகம்தான் உடைகிறது என்பது யாருக்கும் உறைப்பதில்லை.

முட்டைக்கோஸ் தண்டை மைக்குக்குப் பக்கத்தில் முறிப்போம். ஈரத்துணியைத் தரையில் அறைவோம். தோல் பையில் குத்துவோம். இவற்றை அடுக்கினால் ஒரு குத்து தயார். நாயகனின் குத்துக்கு மட்டும் அடியில் ஒரு தாழ்ந்த அதிர்வைச் சேர்ப்போம், அதுதான் முழக்கம். திரையரங்கில் அது காதை விட நெஞ்சில்தான் முதலில் விழும். விசிலும் அங்கேதான் கிளம்பும். நியாயத்தை வசனத்தில் வைத்துவிட்டதாகக் கதாசிரியர்கள் நம்புகிறார்கள், பாவம்.

தென்கொரிய இயக்குநர் பார்க் சான்-வூக்கின் படங்களைத் தொழில்முறையாகக் கேட்டபோதுதான் இந்தக் கணக்கு எனக்கு உறுத்தத் தொடங்கியது. கான் திரைப்பட விழாவில் 2004இல் கிராண்ட் பிரி விருது வாங்கிய 'ஓல்டுபாய்' படத்தில், சுத்தியலோடு ஒருவன் ஒரு கும்பலையே எதிர்கொள்ளும் தாழ்வாரச் சண்டை ஒரே தொடர் ஷாட்டாக ஓடுகிறது. முதுகில் கத்தி ஏறிய பிறகும் அடிக்கிறான், ஆனால் தள்ளாடுகிறான், மூச்சு வாங்குகிறான். எதிராளிகளுக்கும் அதே களைப்பு. 2005இல் வந்த 'லேடி வெஞ்சென்ஸ்' இன்னும் சங்கடமானது. குழந்தைகளைக் கொன்றவனைப் பெற்றோர்களிடமே ஒப்படைக்கிறாள் நாயகி. அவர்கள் மழைக்கோட்டு அணிந்து தாழ்வாரத்தில் உட்கார்ந்து, மருத்துவமனையில் டோக்கன் வாங்கியவர்கள்போல் முறைக்குக் காத்திருக்கிறார்கள். எல்லாம் முடிந்தபின், பறிகொடுத்த பணயத் தொகை திரும்ப வர வங்கிக் கணக்கு எண்ணை எழுதிக் கொடுக்கிறார்கள். கொலையை விட அந்த எண்கள்தான் என்னைத் தொந்தரவு செய்தன. அவர்களைத் தவறென்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. சரியென்று சொல்லவும் வரவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு படத்தின் இறுதி ஒலிக் கலவையின்போது இதே சிக்கல் வந்தது. மகளைப் பறிகொடுத்த தகப்பன் கடைசியில் கொலைசெய்யும் காட்சி. இயக்குநர் முழக்கமே வேண்டாம் என்றார். எடுத்துவிட்டோம். தகப்பனின் மூச்சு, தரையில் தேயும் செருப்பு, பக்கத்து அறையில் ஃப்ரிட்ஜின் உறுமல், அவ்வளவுதான் மிஞ்சியது. தயாரிப்பாளர் பார்த்துவிட்டு, "அடி விழவே இல்லையே, ஜனங்கள் எதற்குக் கைதட்டுவார்கள்?" என்றார். கைதட்டக் கூடாது என்பதுதான் எண்ணம் என்று இயக்குநர் சொல்ல, அறையில் சூடு ஏறியது. நள்ளிரவு தாண்டி ஓர் உடன்பாடு: முதல் அடிக்கு முழு முழக்கம், பிறகு ஒவ்வொரு அடிக்கும் குறைத்துக்கொண்டே போவது. சமரசம்தான். ஆனாலும் இயக்குநர் கேட்டதை விட அது நன்றாக அமைந்தது என்று இன்றும் நினைக்கிறேன். முதலில் கைதட்டியவருக்கு அதன்பின் நிறுத்துவதற்கான இடத்தைத் தானே தேட வேண்டியிருந்தது.

வெளியான வாரம் கடைசி வரிசையில் நின்று கேட்டேன். முதல் அடிக்கு விசில். மூன்றாவதில் சிலர் நெளிந்தார்கள். அதற்குப் பிறகு இரண்டு பேர் செல்பேசியை எடுத்துவிட்டார்கள் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

அதே நிறுவனம் அடுத்த படத்துக்கும் அழைத்தது. கதையைச் சொல்வதற்கு முன்பே தயாரிப்பு நிர்வாகி நிபந்தனை வைத்தார்: "சார், இந்த முறை கடைசி அடிவரைக்கும் முழக்கம் வேண்டும்." கதையைக் கேட்டேன். வில்லன் கெட்டவன், நாயகன் நல்லவன், நடுவில் ஒரு சந்தேகமும் இல்லை. அதற்கு முழக்கம் பொருத்தம்தான், ஒப்புக்கொண்டேன்.